துலக்கிய சத்தம்

அப்பழுக்கில்லாத ஒலி என்கிறார்கள்.
கண்ணாடி மாதிரி என்கிறார்கள்.
எது அடிப்பிடித்தது என்று
பாத்திரம் துலக்கியவனைத்தான் கேட்க வேண்டும்.

மேல வெளி வீதி, அச்சகத்துக்கு மேல் மாடி.
எட்டு டிராக் மெஷின், கடனில் வந்தது.
பகலெல்லாம் கீழே கல்யாணப் பத்திரிகை ஓடும்.
அந்த அதிர்வு தரை வழியே ஏறி
மைக் ஸ்டாண்டின் காலைப் பிடித்துக்கொள்ளும்.
ஆகவே இரவு ஒன்று முதல் நாலரை.
அப்போதும் எதிர்க்கடையில் கொத்து ஓயாது.
நோயல் டிரம்ஸை நிறுத்திவிட்டு
ஜன்னலில் தலையை நீட்டிக் கத்துவான்:
"மாஸ்டர், ஒரே ஸ்பீடுல போடுய்யா!"

எதிரொலிக்கு மெஷின் வாங்கக் காசில்லை.
மொட்டைமாடியில் காய்ந்து கிடந்த சிமெண்ட் தொட்டி,
உள்ளே ஒரு ஸ்பீக்கர், ஒரு மைக்.
கிடார் முடிந்த பிறகும் முடியாத அந்த வால் இருக்கிறதே,
அது குழாய் வராத ஒரு வருஷத்தின் நீளம்.
ஐந்தாம் பாட்டின் பாதியில், ஒரு விடியலில்
கார்ப்பரேஷன் தண்ணீர் ஏறிவிட்டது.
தெருவே குடத்தோடு சிரித்தது.
மைக்கைத் தலைகீழாகப் பிடித்து நீர் வடித்தபடி
நாங்கள் துக்கம் விசாரித்துக்கொண்டோம்.

பணம் போட்ட நத்தர்சா பாய்
செருப்பை வெளியே விட்டு வந்து கேட்பார், கண்ணை மூடி.
"நல்லாத்தான் இருக்கு.
இதுக்கு எதுக்குய்யா ஏழு மாசம்?"

மாசியில் ஒரே சுவேகாவில் வந்தார்கள்
துளசிராமும் ஜெசிந்தாவும்.
சித்திரைத் திருவிழாவுக்கு நாலு நாள் மூடினோம்,
கம்பத்துக்குக் கம்பம் குழாய் ஸ்பீக்கர், வேறு வழியில்லை.
திறந்தபோது அவள் செவ்வாய், அவன் வியாழன்.
யாரும் எதுவும் சொல்லவில்லை.
அவன் வைத்துவிட்டுப் போன டீ கிளாஸை
அவள் கால் விரலால் தள்ளிவிட்டு மைக் முன் நிற்பாள்.
ஏழாம் பாட்டில் கன்னத்தோடு கன்னம் ஒட்டிப்
பாடுவதுபோல் கேட்கிறதே,
இரண்டு குரலுக்கும் நடுவே ஒன்பது நாள்.

கடைசிப் பாட்டின் கடைசிச் சொல், வீடு.
அவள் பாடி முடித்த பிறகு அவன் வந்து சொன்னான்:
"வீடு இல்லண்ணே. விடு."
ஞானஒளிவுபுரத்துக்குச் சைக்கிள் மிதித்துப் போனேன்.
வாசலிலேயே நின்று சொன்னாள்:
"ஒருக்கா பாடியாச்சு. அவ்வளவுதான்."

அன்றிரவு அவள் குரலை மட்டும்
சின்ன நாடாவுக்கு மாற்றினேன்.
ஸ்பூலைக் கையால் முன்னும் பின்னும் உருட்டி
'ஈ' எங்கே தொடங்குகிறது, எங்கே தளர்கிறது என்று
சாக்பீஸால் குறித்தேன்.
சவரப் பிளேடு.
மூன்று விரற்கடை.
நெடில் குறிலாயிற்று. ஒட்டிவிட்டேன்.
ஒட்டுத் தெரியாமல் இருப்பதுதான் என் தொழில்.
அதில் எனக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு,
மறைப்பானேன்.

அந்த 'விடு'வில்தான் அவள் மனசே இருக்கிறது என்று
அன்றிலிருந்து எத்தனை பேர் எழுதிவிட்டார்கள்.

போன வருஷம் அதை மறுபடி வெளியிட்டார்கள்.
கோயம்புத்தூரிலிருந்து போன் வந்தது.
நலமா என்றுகூடக் கேட்கவில்லை.
"அண்ணே, நான் எப்ப 'விடு' பாடினேன்?"
சொன்னேன். முழுசும் சொன்னேன்.
பிளேடு, சாக்பீஸ், மூன்று விரற்கடை.
"அந்தத் துண்டு எங்கே?"
மறுநாள் காலையில் அறை பெருக்கினார்கள்,
நாடாத் துணுக்கோடு, பீடித் துண்டோடு போயிருக்கும் என்றேன்.

அவள் போனை வைக்கவில்லை.
அந்தப் பக்கம் குக்கர் விசில் அடித்தது.
அதைக் குறைக்க
என் கை, இல்லாத குமிழைத் தேடியது.
இன்னொரு விசில்.
மூன்றாவது வரைக்கும்
இரண்டு பேரும் லைனில்தான் இருந்தோம்.